தானாக நிற்கத் தெரிந்த தறி: சகிச்சி டொயோடாவின் கதை

டொயோட்டா என்றதும் எல்லோருக்கும் கார்தான் ஞாபகத்துக்கு வரும். ஆனால் அந்தக் குடும்பம் முதலில் செய்து விற்றது காரை இல்லை, தறியை. இன்று உலகம் முழுக்க கார் தொழிற்சாலைகளில் பாடமாகச் சொல்லித் தரப்படும் ஒரு யோசனை, நூல் அறுந்ததும் தானே நின்றுபோன ஒரு தறியில் இருந்துதான் வந்தது. அந்தத் தறியைச் செய்தவர் சகிச்சி டொயோடா. ஆரம்பப் பள்ளியோடு படிப்பை முடித்துக்கொண்ட, கிராமத்துத் தச்சர் ஒருவரின் மகன்.

இயந்திரம் என்றால் நிற்காமல் ஓட வேண்டும், எவ்வளவு வேகமாக ஓடுகிறதோ அவ்வளவு நல்லது என்றுதான் பொதுவாக நினைப்போம். சகிச்சி வேகத்தையும் தேடினார். ஆனால் எப்போது நிற்க வேண்டும் என்பதும் இயந்திரத்துக்குத் தெரிய வேண்டும் என்பதற்காக அவர் செலவழித்தது ஏறக்குறைய 40 வருடம். அந்த 40 வருடத்தில் என்ன நடந்தது?

யார் இந்த சகிச்சி?

1867 பிப்ரவரி 14 அன்று, ஜப்பானின் ஹமனா ஏரிக்கு மேற்கே யமாகுச்சி என்ற கிராமத்தில் பிறந்தார். இன்று அது ஷிசுவோக்கா மாகாணத்தில் உள்ள கொசாய் நகரத்தின் ஒரு பகுதி. அப்பா விவசாயம் பார்த்தபடி தச்சு வேலையும் செய்தவர். சகிச்சி பிறந்த அடுத்த வருடமே ஜப்பானில் ஷோகன்களின் ஆட்சி முடிந்து மெய்ஜி காலம் தொடங்கியது. வெளிநாட்டு இயந்திரங்களும் துணிகளும் நாட்டுக்குள் வந்து குவிந்த காலம் அது.

அந்தப் பகுதியில் வீட்டுக்கு வீடு பெண்கள் பருத்தித் துணி நெய்தார்கள். சமையல், வயல் வேலை எல்லாம் முடிந்த பிறகு தறியில் உட்காருவார்கள். விளக்கு வெளிச்சத்தில் வெகுநேரம் தறிச்சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கும். சகிச்சியின் அம்மாவும் நெய்தவர்தான். எவ்வளவு உழைத்தாலும் ஒரு நாளில் கிடைப்பது சில முழத் துணி. இறக்குமதித் துணியோ விலை குறைவு. இந்தப் போட்டியில் கைத்தறி தாக்குப்பிடிக்காது என்பது ஊரில் எல்லோருக்கும் தெரிந்தே இருந்தது.

1885-ல் ஜப்பான் அரசு காப்புரிமைச் சட்டம் கொண்டுவந்தது. புதிதாக ஒன்றைக் கண்டுபிடித்தால் அதன் பலன் கண்டுபிடித்தவருக்கே சேரும் என்பது அன்றைக்குப் பெரிய செய்தி. சகிச்சிக்கு அப்போது 18 வயது. சாமுவேல் ஸ்மைல்ஸ் எழுதிய ‘செல்ஃப் ஹெல்ப்’ புத்தகத்தின் ஜப்பானிய மொழிபெயர்ப்பு அந்த நாட்களில் இளைஞர்களிடம் பரவலாகப் போய்ச் சேர்ந்திருந்தது. எந்திரங்களைக் கண்டுபிடித்த சாதாரண மனிதர்களின் கதைகள் அதில் உண்டு. சகிச்சியும் படித்தார். தச்சு வேலையை ஓரங்கட்டிவிட்டு, கொட்டகையில் மரத்தைச் செதுக்கித் தறி மாதிரிகள் செய்ய ஆரம்பித்தார். அப்பாவுக்குக் கோபம். வேலைக்கு ஆகாத பிள்ளை என்று ஊரே பேசியது.

1890-ல் டோக்கியோவின் உயேனோ பூங்காவில் தேசியத் தொழில் கண்காட்சி நடந்தது. சகிச்சி ஊரிலிருந்து கிளம்பிப் போய், நாள் தவறாமல் இயந்திரக் கூடத்திலேயே நின்று பார்த்தார். வெளிநாட்டு இயந்திரங்கள் ஓடும் விதத்தை மனதில் ஏற்றிக்கொண்டு ஊர் திரும்பினார்.

தறியின் தாளம் எப்படி உண்டாகிறது?

இதைக் கொஞ்சம் புரிந்துகொண்டால்தான் சகிச்சி என்ன செய்தார் என்பது விளங்கும்.

தறியில் நீளவாக்கில் கட்டப்பட்டிருக்கும் இழைகள் பாவு. குறுக்கே ஓடும் இழை ஊடை. நெசவு என்பது மூன்று அசைவுகள்தான். முதலில் பாவு இழைகளில் பாதி மேலே ஏறும், பாதி கீழே இறங்கும். நடுவில் ஒரு வழி திறக்கும். அடுத்து, ஊடை நூலைச் சுமந்த நாடா அந்த வழியில் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் பாயும். மூன்றாவதாக, அச்சு முன்னே வந்து அந்த இழையைத் துணியோடு சேர்த்து ஓர் அடி அடிக்கும். திறப்பு, பாய்ச்சல், அடி. மறுபடி திறப்பு, பாய்ச்சல், அடி. தறிச்சத்தம் என்று நாம் கேட்பது இந்த மூன்றும் மாறி மாறி வருவதைத்தான்.

இந்தத் தாளம் வெறும் சத்தம் இல்லை. அதில்தான் துணியின் தரமே இருக்கிறது. அடி ஒரே பலத்தில் விழுந்தால் நெருக்கம் ஒரே சீராக வரும். நெய்கிறவர் களைத்துப்போனால் அடி தளரும், துணியில் அந்த இடம் இளகித் தெரியும். நன்றாக நெய்த துணியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தால், நெய்தவரின் கை எங்கே தடுமாறியது என்றுகூடச் சொல்லிவிடலாம்.

அந்தக் காலத் தறியில் ஒரு கை கயிற்றை இழுத்து நாடாவை ஓட்டும், இன்னொரு கை அச்சை அசைக்கும். கால் மிதியில் இருக்கும். இரண்டு கைக்கும் வேறு வேறு வேலை. 1890-ல் சகிச்சி செய்து முடித்த மரத்தறி இதை மாற்றியது. அச்சை முன்னும் பின்னும் அசைத்தாலே போதும், அந்த அசைவே நாடாவையும் ஓட்டிவிடும். ஒரு கை போதும். நெய்யும் அளவு 40 முதல் 50 சதவீதம் கூடியது. ஒரே அசைவில் இரண்டு வேலையும் நடந்ததால் துணியில் ஏற்றத்தாழ்வும் குறைந்தது. 1891-ல் இதற்குக் காப்புரிமை கிடைத்தது. அவருடைய முதல் காப்புரிமை அதுதான்.

நின்றால்தான் நல்ல துணி: ஏன்?

காப்புரிமை கையில் வந்தாலும் காசு வரவில்லை. டோக்கியோவுக்குப் போய்த் தன் தறிகளைப் போட்டு ஒரு சின்ன நெசவுக்கூடம் நடத்திப் பார்த்தார். அதிக நாள் ஓடவில்லை, மூட வேண்டியதாயிற்று. என்ன செய்தாலும் கைத்தறி ஓட்ட ஆள்பலம்தானே வேண்டும்? இனி நீராவியால் ஓடும் தறிதான் என்று முடிவுசெய்தார்.

ஆனால் அதைச் செய்து பார்க்கப் பணம் வேண்டும். 1894-ல் நூல் சுற்றும் இயந்திரம் ஒன்றை உருவாக்கினார். அது நன்றாக விற்றது. அந்த வருமானத்தில்தான் அடுத்த ஆராய்ச்சி நடந்தது. அதே 1894 ஜூன் மாதத்தில் மகன் கீச்சிரோ பிறந்தார். வீட்டையே எட்டிப் பார்க்காமல் ஊர் ஊராக அலைந்த கணவரோடு வாழ முடியாமல், குழந்தை பிறந்த கொஞ்ச நாளிலேயே மனைவி பிரிந்து போய்விட்டார். கீச்சிரோவை வளர்த்தது தாத்தா பாட்டி. சகிச்சியின் கண்டுபிடிப்புகளைப் பற்றிப் பேசும்போது, அந்தக் குழந்தையும் அதன் தாயும் கொடுத்த விலையையும் கணக்கில் சேர்த்துத்தான் ஆக வேண்டும்.

1896-ல் அவருடைய விசைத்தறி தயாரானது. ஜப்பானில் உருவான முதல் விசைத்தறி இதுதான். சட்டம் மரத்தில், தேய்மானம் அதிகமுள்ள பாகங்கள் மட்டும் இரும்பில். அதனால் இறக்குமதித் தறியோடு ஒப்பிட்டால் விலை மிகக் குறைவு. 1898-ல் காப்புரிமை கிடைத்தது.

இந்தத் தறியில் ஒரு சின்ன விஷயம் இருந்தது. ஊடை நூல் அறுந்தாலோ தீர்ந்தாலோ தறி தானே நின்றுவிடும்.

இது ஏன் முக்கியம்? கைத்தறியில் நூல் அறுந்தால் நெய்கிறவருக்கு உடனே தெரிந்துவிடும். கண் பார்க்கும், கை உணரும், கை நின்றுவிடும். விசைத்தறிக்குக் கண்ணும் இல்லை, கையும் இல்லை. நூல் அறுந்த பிறகும் அதே தாளத்தில் ஓடிக்கிட்டே இருக்கும். காதுக்கு எல்லாம் சரியாக இருப்பது போலத்தான் கேட்கும். ஆனால் துணி வீணாகிக்கொண்டிருக்கும். இதைத் தடுக்க, ஒவ்வொரு தறிப் பக்கத்திலும் ஓர் ஆள் நாள் முழுக்கக் கண்கொட்டாமல் நிற்க வேண்டும். மனிதருக்காக இயந்திரம் என்பது போய், இயந்திரத்துக்குக் காவலாக மனிதர் என்று ஆகிவிடும்.

ஊடை அறுந்தால் நிற்கும் அமைப்பு இங்கிலாந்துத் தறிகளில் அதற்கு முன்பே இருந்தது. நாடா பாயும் ஒவ்வொரு முறையும் சின்ன முள் ஒன்று இழையைத் தொட்டுப் பார்க்கும். இழை இருந்தால் ஓட்டம் தொடரும். இல்லாவிட்டால் முள்ளின் நிலை மாறி, விசையைத் துண்டித்துவிடும். இந்த யோசனையை மலிவான மரத்தறிக்குக் கொண்டுவந்ததும், பிறகு அதை விடாமல் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு கோளாறுக்கும் இப்படி ஒரு தடை வைக்க முடியுமா என்று தேடியதும்தான் சகிச்சியின் தனித்தன்மை.

கூட்டாளிகளோடு ஒத்துவராதது ஏன்?

1897-ல் ஒட்டோகாவா என்ற இடத்தில் ஒரு வணிகரோடு கூட்டுச் சேர்ந்து நெசவாலை தொடங்கினார். அங்கே நெய்த துணி ஒரே சீராக இருப்பதைப் பார்த்து, பெரிய வணிக நிறுவனமான மிட்சுயி தேடி வந்தது. அந்தத் தறிகளைத் தயாரிக்க 1899-ல் தனி நிறுவனமே தொடங்கப்பட்டது. சகிச்சி அதில் தலைமைப் பொறியாளர். கொஞ்ச நாளில் பொருளாதார மந்தம் வந்தது. ஆராய்ச்சிக்குப் பணம் ஒதுக்க நிறுவனம் தயாராக இல்லை. சகிச்சி விலகிவிட்டார்.

அடுத்து, 1907-ல் அவருடைய பெயரிலேயே தறித் தொழிற்சாலை எழுந்தது. மூலதனம் போட்டவர்கள் வேறு ஆட்கள். அவர்களுக்கு, விற்கிற தறியை விற்றுக்கொண்டிருந்தால் போதும். இவருக்கோ ஒரு தறியை நெசவுக்கூடத்தில் மாதக்கணக்கில் ஓட்டிப் பார்த்து, எங்கே எது உடைகிறது, எது தேய்கிறது என்று தெரிந்த பிறகுதான் விற்க வேண்டும். விற்பனை குறைந்ததும் பழி இவர் தலையில் விழுந்தது. 1910-ல் ராஜினாமா செய்ய வைத்தார்கள். தன் பெயரைத் தாங்கிய தொழிற்சாலையை விட்டே வெளியேறினார். வயது 43.

அதே வருடம் அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறினார். அங்குள்ள நெசவாலைகளில் தானியங்கித் தறிகளைப் பார்த்தார். அமெரிக்காவில் நார்த்ராப் தறி என்ற ஒன்று 1890-களிலேயே வந்துவிட்டது. நாடாவில் நூல் தீர்ந்ததும் புதிய நூல்கண்டு தானாக உள்ளே போகும். அதைப் பார்த்த பிறகும் தன் யோசனை தேறும் என்ற நம்பிக்கை அவருக்குக் குறையவில்லை. நியூயார்க்கில் புகழ்பெற்ற ஜப்பானிய வேதியியலாளர் ஜோகிச்சி தகாமினேயைச் சந்தித்தார். கண்டுபிடித்தவர் தன் கண்டுபிடிப்பைப் பாதியில் கைவிடக் கூடாது என்று தகாமினே தேற்றி அனுப்பினார். சகிச்சி ஐரோப்பாவையும் சுற்றிவிட்டு 1911 தொடக்கத்தில் ஊர் திரும்பினார்.

நூல் சரியில்லை என்றால் தறி என்ன செய்யும்?

1911-ல் நகோயாவில் சொந்தமாக ஒரு நெசவாலை போட்டார். துணி விற்ற வருமானம் ஆராய்ச்சிக்கு, ஆராய்ச்சித் தறிகள் துணி நெய்ய. இந்த முறை யாரும் வெளியே அனுப்ப முடியாது.

ஆனால் ஒரு புதிய தலைவலி. தானியங்கித் தறியைச் சோதித்துப் பார்க்கும்போதெல்லாம் நூல் அறுந்துகொண்டே இருந்தது. கோளாறு தறியிலா, நூலிலா? கடையில் வாங்கிய நூல் ஓர் இடத்தில் தடித்தும் ஓர் இடத்தில் மெலிந்தும் இருந்தால், எந்தத் தறியாலும் சீராக ஓட முடியாது. தறி நின்றது என்றால் அதற்கு முந்தைய வேலையில் ஏதோ தப்பு இருக்கிறது என்று அர்த்தம். சகிச்சி ஒரு படி பின்னால் போய், 1914-ல் நூற்பாலையையே தொடங்கிவிட்டார். ஒரு கருவியைச் சோதிப்பதற்காக ஒரு முழு ஆலை!

அந்த நேரத்தில் முதல் உலகப் போர் வந்தது. ஐரோப்பியத் துணி ஆசியாவுக்கு வருவது குறைந்ததால் ஜப்பானிய ஆலைகளுக்கு நல்ல கிராக்கி. அந்த லாபத்தில் தொழில் பெருகியது. 1918-ல் டொயோடா நூற்பு நெசவு நிறுவனம் உருவானது. அதன் பிறகு சீனாவின் ஷாங்காய் நகரத்திலும் ஆலை கட்டினார். கீச்சிரோ டோக்கியோ இம்பீரியல் பல்கலைக்கழகத்தில் இயந்திரப் பொறியியல் முடித்துவிட்டு 1921-ல் அப்பாவின் நிறுவனத்தில் சேர்ந்தார். தச்சுப் பட்டறையில் கற்ற அப்பாவும், கணக்குப் போட்டு வரைபடம் போடும் மகனும் இனி ஒரே இடத்தில்.

ஓடும் தறியில் நாடாவை மாற்றுவது எப்படி?

நாடாவுக்குள் கொஞ்சம் நூல்தான் பிடிக்கும். சில நிமிடங்களில் தீர்ந்துவிடும். தீர்ந்ததும் தறியை நிறுத்தி, நாடாவை எடுத்து, வேறு தார் போட்டு, மறுபடி ஓட்ட வேண்டும். நாள் முழுக்க இதே வேலைதான். கோளாறுக்காக நிற்பது வேறு, இப்படி வெட்டியாக நிற்பது வேறு. முதல் வகை நிற்றல் வேண்டும், இரண்டாவது கூடாது என்பது சகிச்சியின் கணக்கு.

1903-லேயே நாடாவைத் தானாக மாற்றும் ஓர் அமைப்பை அவர் செய்திருந்தார். ஆனால் அது நம்பி ஓட்டும் அளவுக்கு வரவில்லை. அதைச் சரிசெய்ய இன்னும் 20 வருடம் பிடித்தது. 1924-ல் ‘ஜி வகை’ தானியங்கித் தறி தயாரானது. இதற்கான முக்கியமான காப்புரிமைகளில் மகன் கீச்சிரோவின் பங்கும் பெரியது.

அது எப்படி வேலை செய்தது? நூல் தீரப்போவதை ஓர் உணர்முனை கண்டுகொள்ளும். நூல் நிரம்பிய நாடாக்கள் பக்கத்தில் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கித் தயாராக இருக்கும். பழைய நாடா பெட்டிக்குள் வந்து சேரும் அந்தக் கணத்தில், புதியது உள்ளே தள்ளப்படும், பழையது வெளியே விழும். அடுத்த பாய்ச்சலுக்குப் புதிய நாடா கிளம்பிவிடும். கண் இமைக்கும் நேரம்தான். தறியின் வேகம் குறையாது, தாளம் பிசகாது.

அதே தறியில் பாவு இழை ஒவ்வொன்றின் மேலும் மெல்லிய உலோகத் தகடு தொங்கும். இழை இறுக்கமாக இருக்கும்வரை தகடு மேலேயே இருக்கும். இழை அறுந்தால் தகடு விழும், தறி நிற்கும். நூற்றுக்கணக்கான இழைகளில் எது அறுந்தாலும் இதே கதைதான். ஊடை அறுந்தாலும் நிற்கும்.

சரியாக இருக்கும்போது எந்தக் காரணத்துக்காகவும் நிற்காத ஓட்டம். தப்பு நடந்தால் ஒரு நொடிகூடத் தாமதிக்காத நிறுத்தம். இரண்டும் ஒரே இயந்திரத்தில். ஜி வகைத் தறியின் அழகு என்று எதையாவது சொல்ல வேண்டுமானால் இதைத்தான் சொல்ல வேண்டும்.

ஆட்கள் என்ன ஆனார்கள்?

ஜி வகைத் தறிகளில் ஒரே ஒரு தொழிலாளி 30 முதல் 50 தறிகள் வரை கவனித்துக்கொள்ள முடிந்தது. பக்கத்தில் நின்று வெறித்துப் பார்க்க வேண்டியதில்லை. நின்ற தறிக்கு மட்டும் போய், இழையை முடிந்து, மறுபடி ஓட்டிவிட்டால் போதும்.

கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் ஒருவர் 50 தறி பார்க்கிறார் என்றால், முன்பு அந்தத் தறிகளைப் பார்த்தவர்களில் பெரும்பாலோர் இனி அங்கே தேவையில்லை என்பதும் அதே கணக்குதான்.

அன்றைய ஜப்பானிய நெசவாலைகளில் வேலை செய்தவர்களில் பெரும்பான்மை கிராமங்களிலிருந்து வந்த இளம்பெண்கள். ஆலை விடுதியிலேயே தங்கி, இரவு பகல் என்று மாறி மாறி நீண்ட நேரம் வேலை பார்த்தார்கள். பஞ்சுத் தூசியும் இரைச்சலும் நோயும் அவர்கள் வாழ்க்கையின் பகுதி. 1929-ல் பெண்களை நள்ளிரவு வேலையில் அமர்த்தக் கூடாது என்ற விதி நடைமுறைக்கு வந்தது. வேலை நேரம் குறைந்ததும், குறைந்த ஆட்களை வைத்து அதே அளவு துணி நெய்யும் தறிக்கு ஆலை முதலாளிகள் நடுவே மவுசு கூடியது. இயந்திரம் பெண்களை இடைவிடாத காவலில் இருந்து விடுவித்தது உண்மை. அவர்களில் பலரை வேலையில் இருந்தே விடுவித்ததும் உண்மை. அம்மாவின் கைக்குச் சிரமம் குறைய வேண்டும் என்று தொடங்கிய பயணம் வந்து சேர்ந்த இடம் இது.

அடியே இல்லாத தறி

சகிச்சியின் கனவில் இன்னொரு தறியும் இருந்தது. அவர் 1906-ல் உருவாக்கிய வட்டத்தறி.

சாதாரணத் தறியில் நாடா பாய்ந்து போய் மோதி நிற்க வேண்டும், திரும்பப் பாய வேண்டும். ஒவ்வொரு முறையும் வேகம் எடுப்பதும் வேகத்தைக் கொல்வதுமாக எவ்வளவு விசை வீணாகிறது! காதைப் பிளக்கும் அந்த இரைச்சலே வீணாகும் விசையின் சத்தம்தான். வட்டத்தறியில் நாடா முன்னும் பின்னும் போவதில்லை. வட்டமாகச் சுற்றிக்கொண்டே இருக்கும். பாவு வட்டமாக நிற்கும், துணி குழாய் போல வளரும். மோதல் இல்லை, அதிர்ச்சி இல்லை, சத்தமும் மிகக் குறைவு.

பல நாடுகளில் காப்புரிமை வாங்கினார், சாகும்வரை அதை மேம்படுத்திக்கொண்டே இருந்தார். ஆனால் வியாபார ரீதியாக அது எடுபடவில்லை. வாழ்நாளின் பெரும்பகுதியைத் தறியின் தாளத்தைச் செம்மைப்படுத்துவதில் கழித்தவர், அந்தத் தடதட சத்தமே இல்லாத ஒரு தறியைத்தான் கடைசி வரை மனதில் வைத்திருந்தார்.

இங்கிலாந்தே வாங்கியது எதை?

1926-ல் கரியா என்ற ஊரில் டொயோடா தானியங்கித் தறித் தொழிற்சாலை தொடங்கியது. தறி செய்யும் இடத்திலேயே ஓர் ஒழுங்கு வேண்டியிருந்தது. நூற்றுக்கணக்கான பாகங்கள் துல்லியமாகப் பொருந்தினால்தான் நாடா அந்த ஒரு கணத்தில் மாறும். வார்ப்பு, கடைசல், பொருத்துதல் என்று ஒவ்வொரு படியையும் கீச்சிரோ ஒழுங்குபடுத்தினார்.

1929 டிசம்பரில் ஒரு பெரிய ஒப்பந்தம் கையெழுத்தானது. இங்கிலாந்தின் ஓல்டம் நகரத்தில் இருந்த பிளாட் பிரதர்ஸ், நெசவு இயந்திரத் தயாரிப்பில் அன்றைய உலக ஜாம்பவான். ஜப்பானிய ஆலைகள் பல தலைமுறையாக அவர்களிடம்தான் நூற்பு இயந்திரங்களை வாங்கிக்கொண்டிருந்தன. அதே பிளாட் நிறுவனம், ஜி வகைத் தறியைச் செய்து விற்கும் உரிமையை 1 லட்சம் பவுண்டுக்கு வாங்கச் சம்மதித்தது. ஜப்பான், சீனா, அமெரிக்கா தவிர மற்ற நாடுகளுக்கான உரிமை அது. இந்தியாவும் அந்த வரம்புக்குள்தான் வந்தது.

சகிச்சி அதன் பிறகு ஒரு வருடம்கூட வாழவில்லை. 1930 அக்டோபர் 30 அன்று 63 வயதில் காலமானார்.

தறியிலிருந்து காருக்கு எப்படி?

பிளாட் கொடுத்த பணத்தில்தான் டொயோட்டா கார் நிறுவனம் பிறந்தது என்று ஒரு கதை உண்டு. அது பாதிதான் சரி. அந்தத் தொகை தவணையாக வர வேண்டியது, பிறகு குறைக்கவும்பட்டது. தறித் தொழிற்சாலையின் சொந்த லாபம்தான் கார் ஆராய்ச்சியைத் தாங்கியது. 1933-ல் அதே தறித் தொழிற்சாலைக்குள் கீச்சிரோ கார் பிரிவைத் தொடங்கினார். 1936-ல் கார்களுக்கு டொயோட்டா என்று பெயர் வைத்தார்கள். ஜப்பானிய எழுத்தில் எட்டே கோடுகளில் எழுதிவிடலாம் என்பது ஒரு காரணம். 1937-ல் டொயோட்டா மோட்டார் தனி நிறுவனமானது.

ஆனால் பணத்தைவிடப் பெரிய சொத்து ஒன்று தறியிலிருந்து காருக்கு வந்தது. அந்த நெசவு நிறுவனத்தில் 1932-ல் வேலைக்குச் சேர்ந்த டைச்சி ஓனோ, 1943-ல் கார் நிறுவனத்துக்கு மாறினார். பின்னாளில் டொயோட்டாவின் உற்பத்தி முறையை வடிவமைத்தவர் இவர்தான். அந்த முறையின் இரண்டு தூண்களில் ஒன்றின் பெயர் ஜிடோக்கா. ஜப்பானிய மொழியில் தானியங்கி என்று எழுதும் சொல்லில் ஓர் எழுத்தோடு மனிதரைக் குறிக்கும் சின்னக் குறியைச் சேர்த்தால் இந்தச் சொல் வரும். தானாக ஓடுவது மட்டும் போதாது, தப்பை உணரும் மனித அறிவும் அதில் இருக்க வேண்டும் என்பது பொருள்.

நடைமுறையில் இது எப்படி? கார் பாகங்கள் நகர்ந்துகொண்டே இருக்கும் வரிசையின் மேலே ஒரு கயிறு ஓடும். தப்பு ஒன்றைப் பார்த்த எந்தத் தொழிலாளியும் அதை இழுக்கலாம். உடனே விளக்கு எரியும், மேற்பார்வையாளர் ஓடி வருவார். சரிசெய்ய முடியாவிட்டால் வரிசை நின்றுவிடும். நின்றால் நஷ்டம் என்று மறைத்துவைத்து ஓட்டினால், அந்தத் தப்பு காருக்குள் போய் ஒளிந்துகொள்ளும். பிறகு சாலையில்தான் வெளியே வரும். பாவு இழை அறுந்ததும் விழுந்த அந்த உலோகத் தகடுதான் இங்கே கயிறாக மாறியிருக்கிறது.

1911-ல் சகிச்சி நகோயாவில் நெசவாலை போட்ட அதே இடத்தில் 1994-ல் ஒரு தொழில்நுட்ப அருங்காட்சியகம் திறக்கப்பட்டது. நுழைந்ததும் அவருடைய வட்டத்தறிதான் கண்ணில் படும். உள்ளே ஜி வகைத் தறியை ஊழியர்கள் இன்றும் ஓட்டிக் காட்டுகிறார்கள். திறப்பு, பாய்ச்சல், அடி என்று கூடமே அதிரும். பிறகு ஊழியர் கையை நீட்டி, பாவில் ஒரே ஓர் இழையை அறுத்துவிடுவார். தகடு விழும். சத்தம் சட்டென்று நிற்கும்.